23 வயது அல்ல, பிறந்த ஆண்டுதான் தடை
23 வயதுக்குள் கால்பந்தின் முதல் நிலை லீகான சீரி ஏ-யைத் தொடாத தடுப்பாட்டக்காரருக்கு இத்தாலியில் எதிர்காலமில்லை என்று இந்தக் கட்டுரை சொல்வதை ஏற்க முடியவில்லை. அந்த வயதில் மார்கோ மாத்தெராட்ஸி மூன்றாம் நிலை லீகில் கார்ப்பி கிளப்புக்கு ஆடிக்கொண்டிருந்தார். ஃபாபியோ க்ரோஸ்ஸோ சீரி ஏ கிளப்பான பெருஜாவுக்கு வரும்வரை கீழ்நிலை கிளப்பான கியேட்டியில் நடுக்களத்தில் ஆடியவர், இடது பின்களத்துக்கு மாறியதே அதன் பிறகுதான். 2006 உலகக் கோப்பை இறுதியாட்டத்தில் இத்தாலியின் கோலை அடித்தவர் முன்னவர், கடைசி பெனால்டியைப் போட்டவர் பின்னவர். இன்று உண்மையில் வழியை அடைப்பது நான்காம் நிலை லீகான சீரி டி-யின் இளையோர் விதி. குறிப்பிட்ட ஆண்டுகளில் பிறந்த சிலர் ஆட்டம் முழுக்கக் களத்தில் இருந்தாக வேண்டும். பயிற்சியாளர்கள் அந்தப் பையன்களைப் பெரும்பாலும் பின்களத்தின் ஓரங்களில் நிறுத்துகிறார்கள். ஓரத்தில் எதிராளியைக் கோட்டைவிட்டால் நடுவிலிருப்பவர் ஓடிவந்து அடைக்கலாம், நடுவில் விட்டால் மிச்சம் கோல்கீப்பர் மட்டும். ஆண்டு வரம்பு நகர்ந்து விதிக்கு வெளியே போனதும், ஆட்டம் கொஞ்சமும் மங்காத ஓரத் தடுப்பாட்டக்காரர் இடத்தை இழக்கிறார். நடுத் தடுப்பாட்டக்காரரை 33 வயதிலும் தேடி வருகிறார்கள். மேலே கருத்திட்ட ஒருவர், மூன்றாம் நிலையான சீரி சி-க்கு ஏறிவிட்டால் கவலையில்லை என்கிறார். தொழில்முறை ஒப்பந்தம் உண்டு, சரி. ஆனால் 2025 மார்ச்சில் தாரந்தோ, துர்ரிஸ் என்ற இரண்டு சீரி சி கிளப்புகளும் நிதிச் சிக்கலால் பருவத்தின் நடுவிலேயே லீகிலிருந்து நீக்கப்பட்டு, ஆடிய ஆட்டங்களின் முடிவுகளும் ரத்தாயின. கையெழுத்துப் போடும் முன் சம்பளத் தொகையைவிட, அந்த கிளப்புக்குச் சம்பளப் பாக்கிக்காக முந்தைய பருவத்தில் புள்ளிகள் வெட்டப்பட்டனவா என்று பார்ப்பதுதான் முதல் வேலை.