மின்னாமினுங்குக் கோளுக்கு முட்டை மார்க்கா?

"கோள்களுக்குச் சுய ஒளி கிடையாது." இந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு எத்தனை பிள்ளைகளின் வாயை அடைத்திருப்போம்! என் அக்கா மகள் ஆறாம் வகுப்பு படிக்கிறாள். கற்பனைக் கோள் ஒன்றைப் பற்றி எழுதச் சொன்னார்களாம். தானே ஒளிவிடும் ஒரு கோளை வரைந்து, அதற்கு மின்னாமினுங்கு என்று பெயரும் வைத்துக் கொண்டுபோனாள். பக்கத்தின் குறுக்கே சிவப்புக் கோடு போட்டுத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். "ஏன் மாமா, கோளு மினுங்கப்பிடாதா?" என்று கேட்டாள். கற்பனை செய்யச் சொல்லிவிட்டு மார்க்கைக் குறைப்பது என்ன நியாயம் என்பது ஒருபுறம் இருக்கட்டும். அந்தச் சிவப்புக் கோடு அறிவியல்படியும் சரியில்லை என்பதுதான் என் வழக்கு.

எந்தத் திடப்பொருளும் சுமார் 525 டிகிரி செல்சியஸைத் தாண்டிச் சூடானால் மங்கிய சிவப்பாக ஒளிரத் தொடங்கும். டிரேப்பர் என்ற விஞ்ஞானி 1847இலேயே சொல்லிவிட்டார். கோள் என்றால் மட்டும் விலக்கா? சுமார் 41 ஒளியாண்டு தூரத்தில் 55 கான்க்ரி இ என்று ஒரு கோள் இருக்கிறது. தன் சூரியனை ஒட்டிக்கொண்டு சுற்றுவதால் அதற்கு ஒரு வருடம் என்பது நம் 18 மணி நேரம்கூட இல்லை. பகல் பக்கத்தில் வெப்பம் 1,500 டிகிரிக்கு மேல். பாறையே உருகிக் கிடக்கும் சூடு அது. அந்தத் தரை கண்ணுக்குத் தெரியும்படி ஒளிராமல் வேறென்ன செய்யும்?

அவ்வளவு தூரத்தில் இருப்பதை எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. கோளைத் தனியாகப் பார்க்க முடியாது. அதன் ஒளியும் அதன் சூரியனின் ஒளியும் ஒன்றாகக் கலந்தே நம்மிடம் வந்து சேரும். ஆனால் கோள் தன் சூரியனுக்குப் பின்னால் போய் மறையும் நேரம் மொத்த வெளிச்சம் துளி குறையும். குறைந்த அந்தத் துளிதான் கோளின் பங்கு. அதைக் கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு ஒளியில் அளந்தால், பட்டுத் தெறிக்கும் ஒளியைவிடக் கோளின் சொந்தச் சூட்டிலிருந்து வருவதே அதிகம். ஸ்பிட்சர் விண்வெளித் தொலைநோக்கி 2012இல் இந்தக் கோளின் ஒளியை இப்படித்தான் பிடித்தது. மறைந்துபோவதை வைத்து இருப்பதை அளப்பது! இதைப் பாடத்தில் சொன்னால் எந்தப் பிள்ளை தூங்கும்?

அவ்வளவு தூரம்கூடப் போக வேண்டாம். நம் வள்ளக்காரர்கள் விடியலுக்குமுன் பார்க்கும் விடிவெள்ளியையே எடுத்துக்கொள்ளுங்கள். நாம் காண்பது சூரிய ஒளி பட்டுத் திரும்புவது, சரி. ஆனால் அதன் தரையில் சுமார் 460 டிகிரி சூடு. நம் கண்ணுக்கு எட்டாத மங்கல் சிவப்பில் அதன் இரவுப் பக்கமும் ஒளிர்கிறது. சூரியனை ஆராயப் போன பார்க்கர் விண்கலம் 2020இலும் 2021இலும் அருகே கடந்தபோது அதைப் படம் எடுத்தது. மேகத்துக்கு அடியில் கிடக்கும் மேடும் தாழ்வும் அதில் தெரிகின்றன.

இனி நம் கன்னியாகுமரி மாவட்டக் கதைக்கு வருகிறேன். மணவாளக்குறிச்சி மணலில் மோனசைட் என்ற தாது இருப்பதை 1909இல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர் கண்டறிந்தார். அதில் இருக்கும் தோரியத்துக்கு அன்று ஐரோப்பாவில் அடிபிடி. கேஸ் விளக்கின் மேண்டில், அதாவது சுடரில் சூடேறி ஒளிரும் வலைப்பை, செய்ய அதுதான் வேண்டும். நம் ஊர்த் திருவிழாக்களில் பெட்ரோமாக்ஸுக்குள் வெள்ளையாய் எரிந்ததும் அந்த வகை மேண்டில்தான். கதிரியக்கம் இருப்பதால் ஒளிர்கிறது என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை, சூடுதான் காரணம். இதே தோரியமும் யுரேனியமும் பூமிக்குள் சிதைவதால்தான் பூமியின் உட்சூட்டில் ஏறக்குறைய பாதி கிடைக்கிறது. (மணல் எடுப்பதை எதிர்ப்பவர்களின் பக்கம்தான் நான். அதைத் தனியாக எழுதுகிறேன், கமெண்டில் அடித்துக்கொள்ள வேண்டாம்.)

சூடே இல்லாமலும் ஒளிரலாம். 2019 ஆகஸ்டில் சென்னையில் அலைகள் நீலமாக மின்னியதைப் பலரும் வீடியோவில் பார்த்திருப்பீர்கள். கடலின் நுண்ணுயிர்கள் செய்த வேலை அது. 1995 ஜனவரியில் சோமாலியாவுக்கு அப்பால், நம் இந்தியப் பெருங்கடலிலேயே, சுமார் 15,400 சதுர கிலோமீட்டர் கடல் இரவில் ஒளிர்ந்தது செயற்கைக்கோள் படத்தில் பதிவாகியிருக்கிறது. பாக்டீரியாக்கள்தான் காரணம் என்கிறார்கள். ஒரு கோளின் கடல் முழுக்க இப்படி இருந்தால்? பாப்பாவின் மின்னாமினுங்குக்கு நான் தேர்ந்தெடுத்துக் கொடுத்த வழி இதுதான். ஆனால் பக்கத்துச் சூரியனிலிருந்து பார்த்தால் இந்த வெளிச்சம் தெரியாது, அவ்வளவு மங்கல். அதையும் சொல்லிவிட்டேன்.

வானத்து ஒளியைச் சும்மா பார்த்துவிட்டுப் போக மனிதனால் முடிந்ததே இல்லை. வெள்ளி தெற்கே சாய்ந்தால் மழை பொய்க்கும் என்ற நம்பிக்கை புறநானூற்றிலேயே இருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் குரூய்ட்ஹூயிசன் என்ற ஜெர்மன் வானியலாளர், வெள்ளியின் இருண்ட பக்கத்தில் சிலர் கண்டதாகச் சொன்ன மங்கிய ஒளிக்கு ஒரு விளக்கம் கொடுத்தார். அங்கே புதிய ராஜாவுக்குப் பட்டம் கட்டுகிறார்கள், ஊரே விளக்கு ஏற்றியிருக்கிறது! நம் ஊர்க்காரர் பார்த்திருந்தால் மண்டைக்காட்டுக் கொடை என்றோ கோட்டாறு சவேரியார் திருநாள் என்றோ சொல்லியிருப்பார். இதில் எனக்குக் கோபமே இல்லை. நிபிரு என்ற இல்லாத கோள் பூமியில் வந்து மோதப்போகிறது என்று 2003க்கு ஒரு தடவையும் 2012க்கு ஒரு தடவையும் நாள் குறித்துப் பயமுறுத்தியதுதான் வேறு ரகம். நாள் தவறியதும் அடுத்த நாளைக் குறித்துக்கொண்டார்களே தவிர, கதையைச் சோதித்துப் பார்க்க யாரும் வரவில்லை. பிள்ளையின் கோள் அப்படி இல்லை. எதனால் ஒளிர்கிறது என்று கேட்டால் அவள் உட்கார்ந்து யோசிக்கிறாள்.

ஆசிரிய நண்பர்கள் பலர் இந்தப் பக்கத்தில் இருக்கிறீர்கள். அடுத்த முறை இப்படி ஒரு தாள் வந்தால், கோடு போடும் முன் "ஏன் மினுங்குது மக்ளே?" என்று ஒரு வரி எழுதிக் கொடுத்துப் பாருங்கள். பாப்பா இப்போது வேறொரு சிக்கலில் இருக்கிறாள். கடலும் தரையும் ராத்திரி முழுக்க ஒளிர்ந்தால் அங்கிருப்பவர்களுக்கு நட்சத்திரம் தெரியுமா? தெரியாவிட்டால் கடலுக்குப் போகிறவர்கள் எதைப் பார்த்துத் திசை பிடிப்பார்கள்? எனக்கு இன்னும் பதில் கிடைக்கவில்லை. யாருக்காவது தோன்றினால் கீழே எழுதுங்கள், அவளிடம் காட்டுகிறேன்.