நாள் தள்ளிப்போகும் முன்னாலேயே

சித்தி மகளுக்கு ஐந்தாம் மாத ஸ்கேன். துணைக்கு நானும் போயிருந்தேன். இதயம், வயிறு, கை கால் என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்த டாக்டர், தலைக்கு வந்ததும் பேச்சை நிறுத்திவிட்டார். திரும்பத் திரும்ப ஒரே இடத்தில் அழுத்திப் பார்த்தார். அப்புறம் ரிப்போர்ட் கவரின் பின்பக்கத்தில் பேனாவால் வரைந்து காட்டினார். மண்டையோடு முன்பக்கம் இருபுறமும் உள்வாங்கி எலுமிச்சம்பழம் மாதிரி இருந்தது. சிறுமூளை வாழைப்பழமாக வளைந்திருந்தது. முதுகுத்தண்டு ஓரிடத்தில் மூடாமல் இருந்தால் மூளை கீழே இழுபட்டு இப்படித் தெரியுமாம். பழக்கடை வாசலில் நிற்பதுபோல எதுவும் புரியாமல் தலையாட்டிக்கொண்டிருந்தோம்.

அப்போது 22 வாரம். 18, 20 வாரத்துக்குள் எடுத்திருக்க வேண்டிய ஸ்கேன். மாப்பிள்ளைக்கு லீவு இல்லை, நாத்தனார் வீட்டில் விசேஷம் என்று தள்ளிக்கொண்டே போயிருந்தது. 20 வாரம் தாண்டினால் இரண்டு டாக்டர்கள் சேர்ந்து சொல்ல வேண்டும், 24 தாண்டினால் மருத்துவக் குழு முடிவு செய்ய வேண்டும் என்கிறது 2021-இல் திருத்திய கருக்கலைப்புச் சட்டம். பெற்றுக்கொள்வதா வேண்டாமா, பிறந்தால் என்ன அறுவை சிகிச்சை, நடக்குமா என்று நிதானமாக யோசிக்க வேண்டியவர்கள் காலண்டரைப் பார்த்துக்கொண்டே யோசித்தார்கள். என்ன முடிவெடுத்தார்கள் என்பது அவர்கள் விஷயம், இங்கே எழுதமாட்டேன். "கிரகணத்தன்னிக்குக் காய் நறுக்குனியா?" என்று அவளிடம் கேட்ட பெரியம்மாவை மட்டும் நான் இன்னும் மன்னிக்கவில்லை.

ஸ்கேனைத் தள்ளிப்போடாதீர்கள். மண்டையோடே உருவாகாத குறையைப் பெரும்பாலும் மூன்றாம் மாத ஸ்கேனிலேயே பார்த்துவிடலாம். ஆனால் எனக்கு ஆதங்கம் வேறு. ஸ்கேன் கண்டுபிடித்துச் சொல்லும், அவ்வளவுதான். தடுக்க வேண்டிய நேரம் அதற்கு எவ்வளவோ முன்னால் போய்விடுகிறது.

மூளையாகவும் தண்டுவடமாகவும் ஆகப்போகும் நரம்புக் குழாய், கரு உண்டான 28 நாளுக்குள் மூடிவிடும். கணக்குப் போட்டால், நாள் தள்ளிப்போய் இரண்டே வாரம். அந்த இரண்டு வாரத்தில் நம் வீடுகளில் என்ன நடக்கும்? 'இன்னும் ரெண்டு நாள் பாப்போம்' என்று காத்திருப்போம். கர்ப்பத்தை அரசிடம் பதிந்ததற்கான பிக்மி நம்பர் வாங்கி, டாக்டரைப் பார்த்து, அந்தக் குழாய் சரியாக மூட உதவும் ஃபோலிக் ஆசிட் என்ற சத்து மாத்திரைக்கான சீட்டு கைக்கு வரும்போது அந்தக் குழாய் மூடியிருக்கும், அல்லது மூடாமலே போயிருக்கும். முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு உதவித் திட்டத்துக்கே 12 வாரத்துக்குள் பதிந்தால் போதும். ஆகவே மாத்திரையைக் குழந்தைக்குத் திட்டமிடும்போதே, குறைந்தது ஒரு மாதம் முன்பே தொடங்க வேண்டும். சாதாரணமாகத் தினம் 400 மைக்ரோகிராம். முன்பு இப்படிக் குறையோடு ஒரு குழந்தை உண்டாகியிருந்தால் அதைப்போல் பத்து மடங்கு, அதுவும் டாக்டர் சொல்லித்தான். அப்படிப்பட்ட பெண்களிடம் ஏழு நாடுகளில் நடத்திய ஆய்வில் மறுபடி வருவது 72 சதவீதம் குறைந்தது. முடிவு வந்தது 1991-இல். முப்பது வருடத்துக்கு மேலாகிவிட்டது!

கீரை போதாதா என்பார்கள். கீரையில் இருக்கிறதுதான், ஆனால் வேகவைத்துத் தண்ணீரை வடிக்கும்போது நிறையப் போய்விடுகிறது. எல்லாக் குறையையும் மாத்திரை தடுத்துவிடும் என்றும் சொல்லவில்லை.

இன்னொரு வயிற்றெரிச்சல். இந்த ஃபோலிக் ஆசிட் கதை தொடங்கியதே நம் ஊர்ப் பெண்களிடம்தான். 1928-இல் இங்கிலாந்திலிருந்து வந்த லூசி வில்ஸ் என்ற பெண் மருத்துவர், பம்பாய்த் துணி ஆலைகளில் வேலை பார்த்த கர்ப்பிணிகளின் ரத்தசோகையை ஆராய்ந்தார். ஈஸ்ட் சாறு கொடுத்தால் தேறுகிறார்கள் என்று கண்டார். குன்னூரிலும் வேலை செய்தார், சென்னையில் திருவல்லிக்கேணிக்காரர்கள் இன்றும் கோஷா ஆஸ்பத்திரி என்கிற அதே இடத்திலும் இருந்தார். அந்தச் சாற்றில் இருந்த சத்துதான் பின்னால் ஃபோலிக் ஆசிட் ஆனது. அமெரிக்கா 1998-லேயே மாவில் கட்டாயம் கலக்கச் சொல்லிவிட்டது. இங்கே ரேஷன் அரிசியில் கலந்தபோது பிளாஸ்டிக் அரிசி என்று பொறுக்கி எறிந்தோம்.

போன மாதம் உறவில் ஒரு நிச்சயதார்த்தம். கல்யாணப் பெண் கையில் ஓர் அட்டை மாத்திரையை வைத்து, டாக்டரிடம் கேட்டுவிட்டுக் கல்யாணத்திலிருந்தே போடு என்றேன். அவள் அம்மா என்னை ஓரமாக இழுத்து, "ஏம்மா, பொண்ணுக்கு ஏதாவது வியாதியா?" என்று காதோடு கேட்டார். உட்காரவைத்து முழுதும் சொன்னேன். பொறுமையாகக் கேட்டார். கேட்டு முடித்ததும் அட்டையை மகளின் கைப்பைக்குள் ஆழமாகத் தள்ளி, "மாப்பிள்ளை வீட்டுக்காரங்க கண்ணுல படாம வச்சுக்க" என்றார்.