காந்தாரி சபித்தது காந்தாரத்தை அன்று

"சகுனியின் காந்தார நாடே இன்றைய கந்தஹார், அவன் நாட்டில் அமைதியே நிலவாது என்று காந்தாரி சபித்ததால்தான் ஆப்கானிஸ்தானில் போர் ஓயவில்லை" என்னும் செய்தி வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றி வருகிறது. இதன் இரு பகுதிகளுமே தவறானவை.

காந்தாரத்தின் மையப் பகுதி பாகிஸ்தானின் பெஷாவர் சமவெளி; கிழக்கு ஆப்கானிஸ்தானின் ஒரு பகுதியும் அதில் அடங்கியிருந்தது என்றாலும், கந்தஹார் அங்கிருந்து தென்மேற்கே பல நூறு கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. காந்தாரத்தை வென்ற பரதன், தன் மக்கள் தட்சனுக்கும் புஷ்கலனுக்கும் தட்சசீலம், புஷ்கலாவதி என்ற நகரங்களை அமைத்ததாக வால்மீகி ராமாயணத்தின் உத்தர காண்டம் கூறுகிறது. இவை இஸ்லாமாபாத்துக்கு அருகிலுள்ள தக்சிலாவும் பெஷாவரை ஒட்டிய சார்சத்தாவும் ஆகும். பாரசீக மன்னன் முதலாம் தாரயவசுவின் பெஹிஸ்தூன் கல்வெட்டும் காந்தாரத்தையும், கந்தஹார் அமைந்துள்ள அரகோசியாவையும் தனித்தனி நாடுகளாகவே குறிப்பிடுகிறது.

சாபத்தைப் பொறுத்தவரை, மகாபாரதத்தின் ஸ்த்ரீ பர்வத்தைப் புரட்டினாலே போதும்: போர்க்களத்தில் மைந்தர்களின் உடல்களைக் கண்டு கதறும் காந்தாரி சபிப்பது கிருஷ்ணனை, முப்பத்தாறாம் ஆண்டில் அவன் குலத்தார் தம்முள் மோதி அழிவர் என்பதே அச்சாபம், அது மௌசல பர்வத்தில் பலித்தும் விடுகிறது. நாற்பதாண்டுப் போரின் அரசியல் காரணங்களை ஒரு தாயின் தலையில் கட்டுவது அவளுக்கும் நியாயமன்று. இச்செய்தி உங்களுக்கு வந்தால், தயவுசெய்து மேலும் பகிராதீர்கள்.