தெனி திதரோவும் தொட்டுப் பார்த்தவர்களும்

பதினெட்டாம் நூற்றாண்டு ஐரோப்பாவை 'அறிவொளிக் காலம்' என்று குறிப்பிடும்போதெல்லாம் எனக்கு ஒரு வேடிக்கை தோன்றும். ஒளியின் பெயரால் அழைக்கப்படும் அந்தக் காலத்தில் எழுதப்பட்டவற்றுள் நான் மிக முக்கியமானதாகக் கருதும் நூல், ஒளியையே அறியாத மனிதர்களைப் பற்றியது. பிரெஞ்சுச் சிந்தனையாளர் தெனி திதரோ 1749இல் தம் பெயர் போடாமல் வெளியிட்ட அந்தச் சிறு நூலின் தலைப்பு, 'பார்வையுள்ளவர்களின் பயன்பாட்டிற்காக, பார்வையற்றோரைப் பற்றிய கடிதம்' என்பது. வொல்த்தேரையும் ரூசோவையும் மேற்கோள் காட்டும் நம் நண்பர்கள் இந்த நூலின் பக்கம் ஏனோ அதிகம் போவதில்லை. திதரோ என்றாலே கலைக்களஞ்சியம் தொகுத்தவர் என்ற ஒற்றை வரியோடு முடித்துக்கொள்கிறோம்.

அவர் 1713இல் லாங்க்ரு என்ற ஊரில் பிறந்தவர். தந்தை கத்தி செய்யும் கைவினைஞர். அறுவை மருத்துவர்களுக்கான கருவிகளையும் செய்து நல்ல பெயர் வாங்கியவர். கையால் செய்யும் வேலையில் அறிவு இருக்கிறது என்பதை வீட்டிலேயே கண்டு வளர்ந்த ஒருவர்தான் அந்தக் கடிதத்தை எழுதியிருக்க முடியும் என்பது என் எண்ணம்.

அன்றைய தத்துவவாதிகளைப் பிடித்து ஆட்டிய ஒரு கேள்வி உண்டு. டப்ளினைச் சேர்ந்த வில்லியம் மொலினோ அதை ஆங்கிலத் தத்துவவாதி ஜான் லாக்கிற்கு எழுதி அனுப்பினார். பிறவியிலேயே பார்வை இல்லாத ஒருவர் கன சதுரத்தையும் உருண்டையையும் தொட்டுப் பழகியிருக்கிறார். திடீரென்று அவருக்குப் பார்வை வந்தால், தொடாமலேயே எது கன சதுரம், எது உருண்டை என்று சொல்லிவிடுவாரா? இதற்கு விடை தேடி ஆளாளுக்கு வாதிட்டார்கள். பாரிஸில் ரெயோமூர் என்ற இயற்கை அறிவியலாளரின் ஏற்பாட்டில் ஒரு பெண்ணுக்குக் கண்புரை அகற்றப்பட்டபோது, கட்டு அவிழ்க்கப்படும் அந்தக் கணத்தைக் காண திதரோ விரும்பினார், அனுமதி கிடைக்கவில்லை. கிடைக்காததும் நல்லதுக்குத்தான் என்பேன். ஏனெனில் அவர் பார்வை பெற்றவரைத் தேடுவதை விட்டுவிட்டு, பார்வையற்றவராகவே வாழ்ந்துகொண்டிருந்த ஒருவரைத் தேடிப் புய்சோ என்ற சிற்றூருக்குப் போனார். தத்துவவாதிகள் காலங்காலமாகத் தங்கள் கற்பனையில் உருவாக்கி வைத்திருந்த குருடரிடம் கேட்காமல், நடமாடும் மனிதரிடமே நேரில் போய்க் கேட்டார்.

அந்த மனிதரின் பதில்கள்தான் நூலின் உயிர். முகம் பார்க்கும் கண்ணாடி என்றால் என்ன என்று கேட்டதற்கு, சரியான இடத்தில் வைத்தால் பொருள்களை அவற்றிலிருந்து தள்ளி வேறோர் இடத்தில் புடைத்து எழச் செய்யும் ஒரு பொறி என்று விளக்கினார். கண்கள் கிடைத்தால் மகிழ்ச்சிதானே என்றதற்கு, அதைவிட நீளமான கைகள் கிடைத்தால் தேவலை, நிலவில் நடப்பதை உங்கள் கண்களையும் தொலைநோக்கிகளையும் விட என் கைகள் நன்றாகச் சொல்லும் என்றார். இளவயதில் ஏதோ சண்டையில் மாட்டி அதிகாரியின் முன் நிறுத்தப்பட்டு, பாதாளச் சிறையில் தள்ளிவிடுவேன் என்ற மிரட்டலைக் கேட்டபோது, "ஐயா, இருபத்தைந்து ஆண்டுகளாக நான் அங்கேதான் இருக்கிறேன்" என்று சொன்னாராம். இந்த வரியை எழுதிய திதரோவே சில வாரங்களில் சிறைக்குள் இருந்தார் என்பதை நினைத்தால் சிரிப்பும் வருகிறது, சங்கடமும் வருகிறது.

புலன்கள் மாறினால் நம் கருத்துகளும் மாறும், அறம் பற்றியும் கடவுள் பற்றியும் நாம் கொண்டிருக்கும் எண்ணங்கள்கூட உடலின் அமைப்பைச் சார்ந்தவை என்பதே திதரோ வந்து சேர்ந்த இடம். இதைப் படிக்கும்போது நம் மொழியின் ஒரு பழக்கம் நினைவுக்கு வராமல் இருக்காது. தொட்டுப் பார், கேட்டுப் பார், முகர்ந்து பார், சுவைத்துப் பார் என்று எல்லாப் புலன்களையும் கண்ணின் வினையோடு முடிச்சுப் போட்டுத்தான் பேசுகிறோம். கண்ணுள்ளவர்கள் செய்து வைத்த மொழி அது. பார்வையற்றவரும் அதே மொழியில்தான் பேசியாக வேண்டும்.

நூலின் மிக ஆபத்தான பகுதி நிக்கோலஸ் சாண்டர்சனைப் பற்றியது. ஒரு வயதளவில் அம்மை நோயால் பார்வையை இழந்த சாண்டர்சன், ஒரு காலத்தில் நியூட்டன் வகித்த கேம்பிரிட்ஜ் கணிதப் பேராசிரியர் பதவியில் 1711 முதல் இருந்தவர், ஒளியியலையும் கற்பித்தவர். ஊசிகளைச் செருகித் தடவிக் கணக்குப் போடும் பலகை ஒன்றைத் தமக்கென்று உருவாக்கிக்கொண்டவர். 1739இல் இறந்த அவருடைய மரணப் படுக்கையில் நடந்ததாக, ஒரு மத போதகருடனான உரையாடலைத் திதரோ கற்பனையாக எழுதினார். இயற்கையின் அழகைக் காட்டிக் கடவுளை நிறுவ முயலும் போதகரிடம் சாண்டர்சன், அந்த அழகு எனக்காகப் படைக்கப்பட்டதே இல்லை, நான் நம்ப வேண்டுமானால் கடவுளைத் தொட்டுப் பார்க்கச் செய்யுங்கள் என்கிறார். தொடக்கத்தில் பொருள் கொதித்துக் கிடந்த காலத்தில் தலையில்லாதவையும் காலில்லாதவையுமாக எத்தனையோ உருவங்கள் தோன்றி, தாக்குப்பிடிக்க முடியாதவை அழிந்து, முடிந்தவை மட்டும் எஞ்சியிருக்கலாம் என்றும் சொல்கிறார். இதை டார்வினுக்கு முந்தைய டார்வின் என்று சிலர் கொண்டாடுவது மிகை. பண்புகள் தலைமுறை தலைமுறையாகச் சிறுகச் சிறுக மாறுவது பற்றி இங்கே ஏதுமில்லை. ஆனாலும், இப்போதிருக்கும் ஒழுங்கு என்றைக்கும் இருந்த ஒழுங்கு அல்ல என்று 1749இல் அச்சில் எழுதுவதற்குத் துணிச்சல் வேண்டும்.

அந்தத் துணிச்சலுக்கு விலையும் இருந்தது. 1749 ஜூலை 24 அன்று கைது செய்யப்பட்டு வன்சேன் கோட்டையில் அடைக்கப்பட்டவர், நவம்பர் 3 அன்றுதான் வெளியே வந்தார். அதற்குப் பிறகு, தம்முடைய மிகத் துணிவான எழுத்துகளைப் பெரும்பாலும் பெட்டியிலேயே வைத்துக்கொண்டார். ஒரு பளிங்குச் சிலையைத் தூளாக்கி, மட்கிய மண்ணில் கலந்து, அதில் பட்டாணியும் அவரை விதையும் விதைத்து, விளைந்ததை மனிதன் உண்டால் கல் தசையாகிறதே என்று வாதிடும் 'தாலம்பேரின் கனவு' 1769இல் எழுதப்பட்டது. அச்சேறியது 1830இல், ஆசிரியர் இறந்து 46 ஆண்டுகள் கழித்து.

வெளியே செய்ய முடிந்த வேலை கலைக்களஞ்சியம். 1751 முதல் 1772 வரை, 17 உரைத் தொகுதிகளும் 11 படத் தொகுதிகளும். பட்டறைகளுக்கே போய்த் தொழிலாளர்களிடம் கேட்டு எழுதியதாக முன்னறிவிப்பில் பெருமையோடு சொல்லிக்கொண்டார்கள். படங்களில் பல வேறு இடங்களிலிருந்து எடுக்கப்பட்டவை என்ற குற்றச்சாட்டும் அப்போதே எழுந்தது. எப்படியிருந்தாலும், காலுறை பின்னும் தறியைப் பற்றி ஒரு தத்துவவாதி உட்கார்ந்து நீண்ட கட்டுரை எழுதியது சின்னச் செய்தி அல்ல.

அவர் தவறவே இல்லை என்று சொல்ல வரவில்லை. சோதனை அறிவியலின் மீதிருந்த மோகத்தில், இன்னும் நூறாண்டுக்குள் ஐரோப்பாவில் மூன்று பெரிய கணித மேதைகள்கூட இருக்க மாட்டார்கள் என்று எழுதினார். காவுசும் கோஷியும் கல்வாவும் பின்னால் வரிசையில் நின்றுகொண்டிருந்தார்கள்!

அதைவிடப் பெரிய தவறு அந்தக் கடிதத்திலேயே இருக்கிறது. பிறர் வலியைப் பார்வையற்றவர் முறையீட்டின் ஓசையால் மட்டுமே அறிகிறார், முணுமுணுக்காமல் இரத்தம் சிந்தும் ஒருவனுக்கும் சிறுநீர் கழிக்கும் ஒருவனுக்கும் அவருக்கு என்ன வேறுபாடு தெரியப்போகிறது என்று கேட்டு, அவர்களிடம் இரக்கம் குறைவாக இருக்கக்கூடும் என்று ஐயப்பட்டார். தர்க்கம் கச்சிதமாகத்தான் இருந்தது. பின்னர் அவருக்கு மெலனி த சலிஞாக் என்ற பார்வையற்ற இளம்பெண் அறிமுகமானார். திதரோ நேசித்த சோஃபி வொலானின் சகோதரி மகள். வெட்டிய எழுத்துகளைத் தடவிப் படிக்கவும் இசை வாசிக்கவும் கற்றிருந்தவர். இந்த வரிகளுக்காக மெலனி திதரோவை மன்னிக்கவே இல்லை. முறையீட்டை நான் கேட்பது போலத்தான் நீங்களும் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறீர்களா என்று கேட்டார்.

ஏறத்தாழ எழுபது வயதில், 1782இல், தம் பழைய கடிதத்துக்குப் பிற்சேர்க்கை ஒன்றை எழுதிய திதரோ, பழைய வரிகளை மழுப்பாமல் இந்தக் கண்டனத்தையும் அதில் பதிந்து வைத்தார். வாய்விட்டு முறையிடாமல் துன்பப்படுகிறவர்களும் இருக்கிறார்களே என்று தாம் மடக்கியதையும், அப்படிப்பட்டவர்களைத் தான் விரைவிலேயே இனங்கண்டுவிடுவதாகவும் அவர்கள்பால் தனக்கு இன்னும் கூடுதலாகவே இரக்கம் பிறக்கும் என்றும் அந்தப் பெண் சொன்னதையும் சேர்த்தே எழுதினார்.