கடிதம் போனது, இரண்டு ராத்திரி போகவில்லை

பயணிகளைத் தங்கள் வீட்டில் இலவசமாகத் தங்கவைப்பவர்களின் உலக அமைப்பான செர்வாசில், அவர்களின் முகவரிகள் கொண்ட அச்சுப் பட்டியலும் தபாலும் ஒழிந்து எல்லாம் இணையத்துக்கு வந்ததும் அதன் உயிரே போய்விட்டது என்று எழுதியிருக்கிறீர்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை.

மதுரை பழங்காநத்தத்தில் எங்கள் வீடு அப்பா காலத்திலிருந்தே செர்வாஸ் வீடு. நீல நிற ஆகாயத் தபால் வந்தால், எழுத்து கிழியாமல் ஒட்டிய ஓரத்தை அம்மா ஊசியால் பிரிப்பார். சில சமயம் கடிதத்துக்கு முன்னால் ஆளே வந்து நிற்பார். அவர் நீட்டும் செர்வாஸ் அறிமுகக் கடிதத்தை அப்பா வாசலிலேயே படித்துவிட்டு, "உள்ள வாங்க" என்பார்.

1949-இல், போர் முடிந்த சூட்டில், டென்மார்க்கில் பாப் லூயிட்வைலரும் நண்பர்களும் செர்வாஸைத் தொடங்கியது, ஒருவர் வீட்டில் ஒருவர் தங்கிப் பழகினால் சமாதானம் வளரும் என்று நம்பித்தான். தங்குவதற்குக் காசு கிடையாது, வழக்கமாக இரண்டு ராத்திரி, பயணிக்கு முன்கூட்டியே ஒரு நேர்காணல். இந்த மூன்றும் இன்றும் இருக்கின்றனவே! இதேபோல் பயணிகளை வீட்டில் தங்கவைக்கும் கவுச்சர்ஃபிங் என்ற இணையதளம் 2011-இல் லாப நோக்கு நிறுவனமாகி, 2020-இல் உறுப்பினர்களிடம் சந்தா கேட்க ஆரம்பித்தது. அடிவேரைத் தொட்ட மாற்றம் என்றால் அதைச் சொல்லுங்கள், ஒத்துக்கொள்கிறேன்.

போன தை மாதம் ஒரு தம்பதி வந்தார்கள். வெளிநாட்டவர் தங்குவதை அரசுக்குத் தெரிவிக்கும் இணையப் பதிவை என் மகளே செல்போனில் முடித்துவிட்டாள். அப்புறம் இருவரும் அடுப்படியில் அம்மா பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, அவர் காட்டிய அளவில் வெண்டைக்காய் நறுக்கினார்கள்.