சுங்க வரி வேறு, ஜிஎஸ்டி வேறு

‘உலக வர்த்தக அமைப்பில் ஒப்புக்கொண்டதால், வெளிநாட்டு ஆப், ஓடிடி சந்தாவுக்கு இந்தியா ஒரு பைசா வரி போட முடியாது’ என்று ஒருவர் அடித்துச் சொல்கிறார். அப்படியில்லை. 1998-இல் ஜெனீவாவில் முடிவானது, மின்னணுப் பரிமாற்றங்களுக்கு (இணையம் வழியாக வரும் மென்பொருள், படம் போன்றவை) சுங்க வரி, அதாவது இறக்குமதி வரி, விதிப்பதில்லை என்பது மட்டும்தான். அந்தத் தற்காலிக முடிவை நீட்டிக்கும் பேச்சுகளில் பின்னாளில் இந்தியா மல்லுக்கட்டியதும் அந்தச் சுங்க வருவாய்க்காகத்தான். உள்நாட்டு வரியை அது தொடவே இல்லை.

இங்கே அலுவலகமே இல்லாத வெளிநாட்டு நிறுவனமும், நம்மைப் போன்ற சாதாரண வாடிக்கையாளருக்கு இணையவழிச் சேவை விற்றால், ஜிஎஸ்டியில் பதிவு செய்து 18% ஐஜிஎஸ்டி (ஒருங்கிணைந்த ஜிஎஸ்டி) கட்ட வேண்டும். வாங்குபவர் ஜிஎஸ்டி பதிவுள்ள வணிகர் என்றால் வரியை அவரே கட்டுவார். அப்புறம், 2016-இல் வந்த 6% ‘கூகுள் வரி’ தனிக் கதை. அது இணைய விளம்பரத்துக்கானது, 2025 ஏப்ரல் 1 முதல் அதுவும் இல்லை. சந்தேகமென்றால் உங்கள் கிளவுட் சேமிப்பகச் சந்தா பில்லை எடுத்து, அதில் ஜிஎஸ்டி இருக்கிறதா என்று பாருங்கள்.