அந்தப் பாட்டியின் பெயர் எஸ்.என். லட்சுமி

போன ஞாயிறு கொழும்பு வெள்ளவத்தையில் சொந்தக்காரர் வீட்டில் ‘மைக்கேல் மதன காமராஜன்’ படம் போய்க்கொண்டிருந்தது. ஊர்வசி, டெல்லி கணேஷ், நாகேஷ் என்று எல்லாரையும் பெயர் சொல்லிச் சொல்லிப் பார்த்தார்கள். கைக்கு அகப்பட்டதைச் சுருட்டுகிற பாட்டி வந்ததும் வீடே விழுந்து விழுந்து சிரித்தது. “அவ ஆர்?” என்று கேட்டேன். “அதுவா, ஊர்வசியின்ட பாட்டி” என்றார்கள். அவ்வளவுதான். எனக்கு மனசு தாங்கவில்லை, அதனால்தான் இந்தப் பதிவு.

அவர் பெயர் எஸ்.என். லட்சுமி. விருதுநகர் பக்கம் சென்னல்குடிக்காரர். நாடகக் கம்பெனியில் வளர்ந்து சினிமாவுக்கு வந்தவர். 1964இல் வந்த ‘சர்வர் சுந்தர’த்தில் நாகேஷுக்கு அம்மா. இருவருக்கும் தாய், பிள்ளை என்று சொல்கிற அளவுக்கு வயது வித்தியாசமே கிடையாது. நம் சினிமா பெண்களுக்கு இப்படித்தான் செய்கிறது. ஒருமுறை தலையில் நரை பூசிவிட்டால் பிறகு அழிக்க விடாது. 1990இல் ஊர்வசிக்குப் பாட்டியாக வந்தபோதும், 2004இல் ‘விருமாண்டி’யில் கமலின் பாட்டியாக வந்தபோதும் அதே நரைதான். ஆனால் ஒரு பாட்டி மற்றப் பாட்டி மாதிரி இருக்கமாட்டாள்.

அந்தத் திருட்டுப் பாட்டியை இன்னொரு தரம் பாருங்கள். கை ஒரு பக்கம் தன் வேலையைச் செய்யும், முகமோ பூனையும் பால் குடிக்குமா என்று இருக்கும். சிரிப்பு மூட்ட வேண்டும் என்று ஒரு இடத்திலும் அவர் துள்ளுவதில்லை. கிரேசி மோகனின் வசனம் மழையாகக் கொட்டுகிற படத்தில், பேசாமலே ஒரு காட்சியைத் தன் பக்கம் இழுக்க எவ்வளவு கெட்டித்தனம் வேண்டும்!

எனக்கு அவரை அறிமுகப்படுத்தியது அம்மம்மா. அப்பாவும் அம்மாவும் வெளிநாடு போய்விட, விசா வரும்வரை நானும் தங்கச்சியும் வெள்ளவத்தையில் ஒரு அனெக்ஸில் அம்மம்மாவோடு இருந்தோம். அந்தக் காலத்தில் கொழும்பில் எத்தனையோ பிள்ளைகள் அப்படித்தான் வளர்ந்தார்கள். ஒரு சனிக்கிழமை வீடியோ டெக் வாடகைக்கு எடுத்து ‘மகாநதி’ போட்டோம். அதில் லட்சுமி கமலுக்கு மாமியார். மருமகன் சிறைக்குப் போனதும் தாயில்லாத அந்த இரண்டு பேரப்பிள்ளைகளும் அவர் பொறுப்பு. அந்தம்மா செத்துப்போன இடத்தில் அம்மம்மா டெக்கை நிற்பாட்டச் சொன்னா. சேலைத் தலைப்பைக் கையில் சுற்றிக்கொண்டு, “இனி உந்தப் பிள்ளையள் ஆரோட?” என்று கேட்டா. எங்களைப் பார்த்துத்தான் கேட்டா. மிச்சப் படத்தை அன்றைக்கு நாங்கள் பார்க்கவில்லை.

அதுதான் எஸ்.என். லட்சுமியின் நடிப்பு. கதையை நகர்த்துவது கமல்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்த வீட்டில் ஒரு பெரிய மனுஷி இருந்தாள் என்று நாங்கள் நம்பியதால்தான் அவள் போனதும் வீடு இடிந்தது. அதை நம்பவைத்தவரைத் ‘துணை நடிகை’ என்று ஒரு சொல்லில் ஒதுக்குவது எனக்குச் சரியாகப் படவில்லை.

2012 பிப்ரவரியில் சென்னையில் காலமானார். அப்போது அம்மம்மாவும் உயிரோடு இல்லை. இருந்திருந்தால் சொந்தத்தில் ஒரு சாவு விழுந்த மாதிரி அன்றைக்குத் தலைமுழுகியிருப்பா.

ஞாயிற்றுக்கிழமை படம் முடிந்த பிறகு மச்சாளின் மகள் மட்டும் பக்கத்தில் வந்து, “மாமா, அந்தப் பாட்டியின்ட பெயர் என்ன சொன்னீங்கள்?” என்று கேட்டாள். முதலெழுத்தோடு சேர்த்துச் சொல்லிக்கொடுத்தேன்.